சின்னத்திரைப் புகழ் சிறப்பு விருந்து

ஆண்டவன் படைப்பில் எண்பத்துநான்கு லட்சம் வகை ஜீவராசிகள் என்று பெரியவர்கள் சொல்லி வைத்திருக்கிறார்கள். பாவம், அவர்கள் காலத்தில் டிவி கிடையாது. இருந்திருந்தால் இன்னும் ஒன்றைச் சேர்த்திருப்பார்கள்: 'ஒருகாலத்தில் டிவியில் வந்தவர்.'

நடிகர் என்று நினைத்துவிடாதீர்கள். நடிகர் அவர் பாட்டுக்கு நடித்துவிட்டுப் போய்விடுவார். பாடகரும் இல்லை, செய்தி வாசித்தவரும் இல்லை. கேபிள் கம்பியைத் தெருவுக்குத் தெரு இழுத்துக் கட்டிக்கொண்டிருந்த காலத்தில், ஒரு மாயாஜாலம், ஒரு நடனம், ஒரு நாய் நெருப்பு வளையத்தைத் தாண்டுவது, நடுநடுவே சிரிப்பு என்று எல்லாவற்றையும் ஒரே பூச்சரமாகக் கட்டிக் காட்டுவார்களே, அந்த நிகழ்ச்சிகளில் நாய்க்கும் நடனத்துக்கும் நடுவே மூன்று நிமிஷம் 'சிறப்பு விருந்தினர்' என்று நாற்காலியில் உட்கார்ந்து எழுந்தவர். எழுந்தவர் என்றா சொன்னேன்? தப்பு. உடம்பு மட்டும்தான் எழுந்து வந்தது. மனசு இன்னும் அந்த நாற்காலியிலேயே இருக்கிறது.

இந்த இனம் கடல் கடந்தால் இன்னும் செழிப்பாக வளரும். ஊரில் இருந்தால் 'அட, நம்ம தெருப் பையன்' என்று அடக்கிவைக்க நாலு பேர் உண்டு. வளைகுடாவில் யார் உண்டு? ஈசா டவுனில் பிள்ளையைப் பள்ளியில் விட வரும் அப்பாமார்களில் ஒருவர் இருப்பார். சோஹார் துறைமுகத்துச் சாப்பாட்டு வரிசையில் ஒருவர் இருப்பார். நாம் இப்போது பார்க்கப்போவது அஜ்மான்காரரை. பெயர் அனந்தகிருஷ்ணன். துபாயில் ஒரு சரக்குக் கம்பெனியில் சூப்பர்வைசர். நல்ல மனிதர். கடன் கேட்க மாட்டார், புறம் பேச மாட்டார், பிரதோஷம் தவறாமல் விபூதி இட்டுக்கொள்வார். ஒரே ஒரு குறை. டிவியில் வந்துவிட்டார்.

அடையாளம் கண்டுகொள்வது சுலபம். லிஃப்ட்டில் ஏறியதும் எல்லோரும் கதவைப் பார்த்து நிற்பார்கள் அல்லவா? இவர் உங்களைப் பார்த்து நிற்பார். இடது கன்னத்தைக் கொஞ்சம் முன்னால் தள்ளி, புருவத்தை லேசாகத் தூக்கி, நீங்கள் கண்டுபிடிப்பதற்கு அவகாசம் கொடுத்து நிற்பார். கண்டுபிடிக்கவில்லை என்றால் அவரே உதவுவார்.

"எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கு, இல்ல?"

இல்லை என்றீர்களானால், ஏன் இல்லை என்று விளக்குவார். ஆமாம் என்றீர்களானால், எங்கே என்று விளக்குவார். ஆக, ஏழாவது மாடியில் வீடு இருந்தாலும் மூன்றாவதிலேயே இறங்கிப் படியேறிப் போகிறவர்கள் அந்தக் கட்டடத்தில் உண்டு. உடம்புக்கு நல்லது என்று சொல்லிக்கொள்கிறார்கள்.

காரில் மாட்டியவர்களுக்கு அந்த வசதியும் கிடையாது. தினமும் அஜ்மானிலிருந்து துபாய்க்கு அவரோடு காரில் போய்வருகிறவர் சாதிக் பாட்ஷா. ஷார்ஜா நெரிசலில் கார் நின்றுவிட்டால் இறங்கி ஓடவா முடியும்?

"பாய், அந்த சிக்னல்ல சிவப்பு லைட் எரியுது பாருங்க…"

"கேமராவுலயும் இதே மாதிரி ஒரு சிவப்பு லைட் இருக்கும், அது எரிஞ்சா நாம ஆரம்பிக்கணும். அதானே சார்?"

"அட! உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"போன வாரம் இதே சிக்னல்ல சொன்னீங்க."

"அப்ப நான் மேளம் வாசிச்சதைச் சொன்னேனா?"

"அது அடுத்த சிக்னல்ல சார்," என்றார் பாட்ஷா, ஆண்டவனிடம் பச்சை விளக்கைக் கேட்டபடி.

மேளம் என்றதும் தோளில் தவிலைத் தொங்கவிட்டுக்கொண்டு போனார் என்று எண்ண வேண்டாம். எல்லாம் வாய்தான். மூக்கில் ஒத்து, உதட்டில் நாதஸ்வரம், நாக்கில் தவில், கன்னத்தில் ஜால்ரா. ஒரு கல்யாணக் கச்சேரி முழுவதையும் வாய்க்குள் குடிவைத்திருந்த மனிதர் அவர். மாப்பிள்ளை அழைப்பில் தொடங்கி மாலை மாற்றல், ஊஞ்சல் என்று போய், கெட்டிமேளத்தில் கொண்டுவந்து முடிப்பார். முடிப்பார் என்பது அவர் திட்டம். ஆண்டவன் திட்டம் வேறாக இருந்தது.

'சனிக்கிழமைக் கதம்பம்' என்ற நிகழ்ச்சியில்தான் முதல் தடவை வந்தார். ஊஞ்சல் வரை அமர்க்களம். தாலியை எடுக்கப்போகும் நேரம், மூன்று நிமிஷம் முடிந்தது என்று இயக்குநர் 'கட்' சொல்லிவிட்டார். இரண்டாவது, ஒரு தீபாவளிச் சிறப்பு நேரலை. இந்தத் தடவை ஊஞ்சலைக் குறைத்துக்கொண்டு வேகமாகத் தாலிக்கு வந்துவிட்டார். வாயைக் குவித்தார். நிகழ்ச்சியை நடத்திய பெண்மணி, "அருமை, அருமை! சின்ன இடைவேளைக்குப் பிறகு சந்திப்போம்," என்றார். இடைவேளைக்குப் பிறகு நாய் வந்தது. மூன்றாவது தடவை, கிரிக்கெட் ஆட்டம் மழையால் நின்றபோது பொழுதுபோக்க இவரைக் கூப்பிட்டார்கள். எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் வாசிக்கலாம் என்றார்கள். மழை பெய்யட்டும் என்று மாரியம்மனை வேண்டிக்கொண்டு, எல்லோரும் வேண்டுவதைத்தானே வேண்டினார், ஆற அமர ஆரம்பித்தார். தாலி எடுத்தார். மழை நின்றுவிட்டது.

அதோடு சரி. மாயாஜாலம் போயிற்று, நாய் போயிற்று, கதம்பங்கள் எல்லாம் போய்ப் பாட்டுப் போட்டிகள் வந்துவிட்டன. இவர் வளைகுடாவுக்கு வந்துவிட்டார். ஆக, மூன்று தடவை உலகம் பார்க்கக் கல்யாணம் நடத்தியும் ஒரு தடவைகூடத் தாலி கட்டாத மனிதர்.

இந்த வேதனை வெளியே யாருக்கும் தெரியாது. மனைவி பிரபாவதிக்குத் தெரியும். அவர் தூக்கத்தில் வாயைக் குவிப்பதை அவள் பார்த்திருக்கிறாள். வீட்டில் வாசித்துக்கொள்ளலாமே என்பீர்கள். ஒருதரம் குளியலறையில் கொஞ்சம் உரக்க ஆரம்பித்தார். பக்கத்து வீட்டு யஹ்யா, குக்கர் வெடிக்கப்போகிறது என்று வாட்ச்மேனைக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். தவிர, கெட்டிமேளம் என்பது தனியாகக் கொட்டிக்கொள்கிற சங்கதியா? நாலு பேர் வேண்டும். சபை வேண்டும். ஒரே ஒரு தடவை, ஒரு மேடையில், சபைக்கு முன்னால் அது முழுசாக நடந்துவிட்டால் மனுஷன் அடங்கிவிடுவார் என்பது பிரபாவதியின் நம்பிக்கை. சமையலறை அலமாரியில் உப்பு ஜாடிக்குப் பக்கத்தில் குடியிருந்த பிள்ளையாரிடம் அவள் தினமும் வைத்த மனு இது ஒன்றுதான்.

பிள்ளையார் மனுவை எடுத்தார். ஸ்ரீகாந்த் உருவில் எடுத்தார்.

ஸ்ரீகாந்த், அஜ்மானில் தமிழ்க் குடும்பங்கள் கூடும் சித்திரைச் சந்திப்பின் செயலாளர். கூட்டத்தை நடத்துவது, வாழையிலை வாங்குவது, மைக்கில் கொர்ரென்று சத்தம் வந்தால் அதை முறைப்பது எல்லாம் அவர்தான். இந்த வருஷம் சிறப்பு விருந்தினராக வர ஒத்துக்கொண்டவர் கடைசி நேரத்தில் ஊருக்குப் போய்விட்டார். ஸ்ரீகாந்த் நாலைந்து பேரைக் கேட்டுப் பார்த்தார். பிறகு லிஃப்ட்டில் ஏறினார். இடது கன்னம் எதிரே நின்றது.

"அண்ணா, ஞாயித்துக்கிழமை நீங்கதான் சிறப்பு விருந்தினர்."

"எவ்வளவு நேரம் தருவீங்க?" என்றார் அனந்தகிருஷ்ணன்.

"கெட்டிமேளம் வரைக்கும் வாசிங்க அண்ணா. சாப்பாடு ஒரு மணிக்குத்தான்."

அன்று அவர் வீட்டுக்கு ஏழு மாடியும் படியேறியே வந்தார். லிஃப்ட் அவருடைய வேகத்துக்குப் போதவில்லை.

ஸ்ரீகாந்த், கார் ஓட்டிக்கொண்டே போனில் அழைப்பை அடித்தார். 'விருந்தினர்' என்பதில் 'விருந்' வரை அவர் விரல் அடித்தது. மிச்சத்தைப் போன் தானாக அடித்துக்கொண்டது. இந்தக் காலத்துப் போன்களுக்குத்தான் நம்மைவிட அவசரமாயிற்றே. அழைப்பு இப்படிப் போயிற்று:

'சித்திரைச் சந்திப்பு. அனைவரும் வருக. சிறப்பு விருந்து: சின்னத்திரைப் புகழ் அனந்தகிருஷ்ணன்.'

கீழே அனந்தகிருஷ்ணனின் போன் எண். ரசிகர்கள் தொடர்புகொள்ள ஒரு வழி வேண்டாமா என்று அவரே கேட்டுப் போடச் சொன்னது.

நீங்கள் கவனித்துவிட்டீர்கள். அவர் கவனிக்கவில்லை. அவர் அந்தச் செய்தியைப் பத்து தடவை படித்தார், பத்து தடவையும் கடைசி வார்த்தையை மட்டும் படித்தார். ஆனால் அஜ்மானில் உள்ள தொழிலாளர் கேம்ப்களில், காலையும் மாலையும் குப்பூஸ் ரொட்டியைப் பருப்பில் நனைத்துத் தின்று நாக்கு செத்துக் கிடந்த நம் பிள்ளைகள் முதல் வார்த்தையிலிருந்து படித்தார்கள். டிவியில் சமைத்துக் காட்டிப் புகழ்பெற்ற அனந்தகிருஷ்ணன் என்கிற பெரிய சமையல்காரர், தலைவாழை இலை போட்டு விருந்து வைக்கிறார். அனைவரும் வருக. அனைவரும் என்றால் அனைவரும்தானே?

மறுநாள் காலையிலேயே போன் அடித்தது. பிரபாவதி முருங்கைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். ரசிகர் குரல் மனைவிக்கும் கேட்கட்டும் என்று அவர் ஸ்பீக்கரில் போட்டார்.

"வணக்கம் சார். நான் கார்மேகம். ஜுர்ஃப் கேம்ப்புல கம்பி கட்டுறேன், ஊரு காளையார்கோயில் பக்கம். மெசேஜ் பார்த்தோம் சார். உங்க கையால…"

"கையில ஒண்ணும் இல்ல தம்பி. எல்லாமே வாயிலதான்."

"சரியாச் சொன்னீங்க சார்! வாய்க்கு ருசியா இருந்தாப் போதும். எத்தனை அயிட்டம் சார்?"

"ஒரே அயிட்டம்தான். ஆனா அதுக்குள்ள எல்லாம் வந்துடும். ஆரம்பத்துல மெதுவா, நடுவுல காரசாரமா, கடைசியில…" அவர் குரலைத் தாழ்த்தினார். "கடைசியில ஒண்ணு வச்சிருக்கேன். இத்தனை வருஷமா யாருக்கும் கொடுத்ததில்ல."

"பாயாசமா சார்?"

"பாயாசம் மாதிரின்னே வச்சுக்க."

"அன்லிமிட்டடா சார்?"

"நீங்க போதும் போதும்ங்கிற வரைக்கும்!"

அந்தப் பக்கம் போனைக் கையால் மூடுவதும், "டேய், அன்லிமிட்டடாம்டா!" என்று யாரோ குதிப்பதும் கேட்டது.

"எங்க கேம்ப்ல எல்லாருமே வரலாமா சார்?"

"பஸ் பிடிச்சு வாங்கப்பா!"

போனை வைத்ததும் பிரபாவதி கத்தியை நிறுத்தினாள். "ஏங்க, அந்தத் தம்பி சாப்பாட்டைப் பத்திப் பேசுன மாதிரி இல்ல இருந்துச்சு?"

"ரசிகர்கள் பாஷை அப்படித்தான் பிரபா. இசை விருந்துன்னு நாம சொல்றதில்லையா?"

அவள் அலமாரிப் பிள்ளையாரைப் பார்த்தாள். அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. தும்பிக்கை மறைத்திருந்தது.

ஞாயிற்றுக்கிழமை வந்தது. ஓட்டல் மாடியில் ஒரு பார்ட்டி ஹால். அதை ஒட்டியே சாப்பாட்டுக் கூடம், நடுவில் ஒரு கதவு. வழக்கமாக இந்தச் சந்திப்புக்கு முன்வரிசை நிரம்பினாலே ஸ்ரீகாந்த் சுவாமிக்குத் தேங்காய் உடைப்பார். அன்று பதினோரு மணிக்கே படிக்கட்டு வரை கூட்டம். சலவைச் சட்டை, தண்ணீர் தொட்டு வாரிய தலை, நெற்றியில் விபூதி, கண்ணில் ஓர் ஒளி. அந்த ஒளியைப் பார்த்த அனந்தகிருஷ்ணனுக்குக் கால் தரையில் பாவவில்லை. பசியின் ஒளியும் பக்தியின் ஒளியும் பார்வைக்கு ஒன்றுபோலத்தான் இருக்கும்.

கார்மேகம் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்து அவர் கைகளைப் பிடித்துக்கொண்டான். முறுக்கிய மீசை, கம்பி கட்டிக் காய்த்த கை. பின்னால் அவன் அறை நண்பர்கள்.

"நீங்கதானா சார் அது? முகத்தைப் பார்த்தாலே தெரியுது சார்!"

முகத்தைப் பார்த்தாலே தெரிகிறதாம்! எத்தனை வருஷமாக லிஃப்ட் லிஃப்ட்டாகத் தேடிய வார்த்தை அது.

"உங்களுக்காகக் காலையிலேருந்து பச்சைத் தண்ணி பல்லுல படல சார். எங்க ரூம்ல ஒருத்தனும் சாப்பிடல."

அனந்தகிருஷ்ணன் மனைவி பக்கம் திரும்பினார். கண்ணில் நீர் கட்டியிருந்தது. "பார்த்தியா பிரபா? தெய்வத்துக்குத்தான் விரதம் இருப்பாங்க. எனக்கு இருக்காங்க."

அவரை மேடைப் பக்கம் அனுப்பிவிட்டு பிரபாவதி நேரே ஸ்ரீகாந்த்திடம் போனாள். அவர் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

"அந்த மெசேஜைக் காட்டுங்க."

காட்டினார். மூக்குக்கண்ணாடியை ஏற்றிப் படித்தாள். "முருகா," என்றாள்.

"எண்பது பேருக்குத்தான் அண்ணி சொல்லியிருந்தேன். வந்தது முந்நூறுக்குக் குறையாது. ஷார்ஜாவுல மூணு ஓட்டலுக்குப் போன் போட்டுட்டேன், சாதம் சாம்பார் எல்லாம் வண்டியில ஏத்திட்டாங்க. ஆனா வண்டி டிராபிக்ல நிக்குது. உள்ள இப்ப அப்பளமும் ஊறுகாயும்தான் முந்நூறு பேருக்குத் தாங்கும். அண்ணனைக் கொஞ்சம் இழுக்கச் சொல்லுங்க அண்ணி, உங்க காலைத் தொட்டுக் கும்பிடுறேன்."

உண்மையைச் சொன்னால் அவர் வாய் உலர்ந்துவிடும். உலர்ந்த வாயில் ஏது தவில்? அவள் மேடையோரம் போய்க் கணவரிடம் ஒன்றே ஒன்று சொன்னாள்.

"இழுங்க."

"மூணு நிமிஷம்னு…"

"யார் சொன்னது? எவ்வளவு வேணுமோ அவ்வளவு இழுங்க. நான் விரலைக் காட்டுற வரைக்கும் கெட்டிமேளம் வேண்டாம்."

இழுக்கச் சொன்னதை அவர் அப்படியே எடுத்துக்கொண்டு பேச்சிலிருந்து ஆரம்பித்தார். அந்தக் காலத்தில் சேனல்கள் எத்தனை, மேக்கப்காரர் அவர் நெற்றியைப் பார்த்து என்ன சொன்னார், நாய் அவர் மடியில் எப்படித் தலை வைத்துக்கொண்டது. நாய் வந்தபோது பின்வரிசை பொறுமை இழந்தது.

"சார், இலையைப் போட்டுட்டுப் பேசுங்க சார்!"

"அப்பள வாசம் வருது மாப்ள, மத்தது எங்க?"

அவர் தடுமாறினார். கீழே பார்த்தார். பிரபாவதி இரண்டு கன்னத்தையும் உப்பிக் காட்டினாள். புரிந்துகொண்டார். கண்ணை மூடி, மூக்கில் ஒத்தைத் தொடங்கினார். ஊஉஉம் என்று ஹால் முழுவதும் பரவியது. அதன்மேல் ஒரு நாதஸ்வரம் எழுந்தது பாருங்கள், முன்வரிசைப் பெண்கள் தம்மையறியாமல் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டார்கள். தவில் விழுந்ததும் பின்வரிசை வாயை மூடிக்கொண்டது. உண்மையைச் சொல்ல வேண்டும், மனிதர் நன்றாகத்தான் வாசித்தார். இத்தனை வருஷமும் கதை கேட்டுக் கேட்டுக் காது புளித்த சாதிக் பாட்ஷா, இதைத்தான் முதல் சிக்னலிலேயே வாசித்திருக்கலாமே என்ற முகத்தோடு உட்கார்ந்திருந்தார்.

மாப்பிள்ளை அழைப்பு முடிந்தது. மாலை மாறி, ஊஞ்சலும் ஆடி நின்றது. வண்டி வரவில்லை. அவரும் எவ்வளவுதான் இழுப்பார்? தாலி எடுக்கும் இடத்துக்கு மேளம் தானாக வந்துவிட்டது. இங்கேதான் ஸ்ரீகாந்த்துக்கு உயிர் போயிற்று. ஏன் என்று தமிழ்க் கல்யாணத்துக்குப் போனவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. கெட்டிமேளம் கொட்டினால் நாம் என்ன செய்வோம்? கையிலுள்ள அட்சதையை எந்தத் தலை என்று பார்க்காமல் எறிந்துவிட்டு, முதல் பந்திக்கு ஓடுவோம். அது நம் ரத்தத்தில் இருக்கிறது. பின்வரிசையில் சட்டைக் கைகளை மடித்துவிட ஆரம்பித்திருந்தார்கள். ஒரு கால் வெளியே, ஒரு கால் உள்ளே என்று நாற்காலிகள் கிரீச்சிட்டன.

"அண்ணி! அடிச்சாருன்னா முந்நூறு பேரும் உள்ள போயிருவாங்க! வெறும் அப்பளத்தைப் பார்த்தா என்னை இலையில வச்சிருவாங்க!"

மேடையில் அவர் வாய் குவிந்தது. எத்தனை வருஷத்து ஆசை, இதோ உதட்டு நுனியில் நிற்கிறது. இயக்குநர் வெட்டினார், இடைவேளை வெட்டியது, மழை வெட்டியது. நாலாவது வெட்டைப் பிரபாவதி தன் கையாலேயே போட வேண்டுமா? பிள்ளையாரப்பா, நீயே வழி சொல்லு என்று எழுந்து நின்றாள். வாயில் வந்ததைக் கத்தினாள்.

"நிறுத்துங்க! மாப்பிள்ளையோட தாய்மாமன் இன்னும் வரல!"

ஹால் திரும்பிப் பார்த்தது. அனந்தகிருஷ்ணனும் பார்த்தார். முகம் ஒரு கணம் கறுத்தது. தாய்மாமன் வராமல் தாலியா? அது எந்த ஊர் நியாயம்? தவில் சட்டென்று தயங்கி, யாரையோ தேடுவதுபோல் 'தக்கு… தக்கு…' என்று வாசல் பக்கம் எட்டிப் பார்த்தது.

பின்னாலிருந்து ஒரு குரல்.

"தாய்மாமன் நான்தான்! எனக்கு வேட்டி எடுக்கல. நான் எப்படி வருவேன்?"

கார்மேகம்தான். சிரிப்பு கூரையில் முட்டியது.

"மாமனுக்கு வேட்டி எடுங்கப்பா!"

யாரோ ஒரு மேஜை விரிப்பை உருவி அவன் இடுப்பில் சுற்றினார்கள். அனந்தகிருஷ்ணன் அவனுக்குச் சமாதான மேளம் வாசித்தார். அவன் ஒவ்வோர் அடிக்கும் ஒருதரம் முறைத்துக்கொண்டு, மேளம் கெஞ்சக் கெஞ்ச, மேடைக்கு வந்து சேர்ந்தான்.

"பொண்ணோட சித்தப்பாவுக்கு லீவு கிடைக்கல!" என்றான் இன்னொருவன். "கபீல் மாஃபின்னுட்டான்!"

அவ்வளவுதான். தவில் அரபியில் பேச ஆரம்பித்துவிட்டது. கபீல் என்கிற கண்டிப்பான முதலாளியாக, லீவு கிடையாது போ என்று 'மாஃபி மாஃபி தகதிமி தோம்' முறைத்தது. 'பாய், பாய், தகஜுணு பாய்' என்று நாதஸ்வரம் கெஞ்சியது. பேச்சு முடிந்தது, 'கலாஸ்! கலாஸ்! தளாங்கு தோம்!' என்று தவில் மேஜையைத் தட்டியது. கடைசியில் 'யல்லா யல்லா தகதகதக' என்று சித்தப்பாவை விமானத்தில் ஏற்றி அனுப்பியபோது ஹாலே நாற்காலிமேல் ஏறி நின்றது. டிவியில் அவர் வாசித்தது இதில் ஒன்றுமே இல்லை. எங்கிருந்து வந்தது என்று அவருக்கே தெரியாது. பாட்ஷா விசில் அடித்தார்.

அத்தை வந்தாள், சம்பந்தி கோபித்தார், புரோகிதர் செருப்பைத் தொலைத்தார். யார் எதைக் கேட்டாலும் மேளம் நடத்தியது. நடுவே மூச்சு வாங்க அவர் நின்றபோது, மேஜை விரிப்போடு பக்கத்தில் நின்ற கார்மேகம் மெதுவாகக் கேட்டான்.

"சார், கெட்டிமேளம் உண்டுல்ல?"

"உண்டு தம்பி. ஏன்?"

"எந் தங்கச்சி கல்யாணத்தைப் போன்லதான் பார்த்தேன் சார். எல்லாம் பார்த்தேன். கெட்டிமேளம்னாங்க, நெட்டு போயிருச்சு. திரும்ப வந்தப்ப எல்லாரும் சாப்பிடப் போயிட்டாங்க."

அனந்தகிருஷ்ணன் அவனைப் பார்த்தார். முதல் தடவையாக, இடது கன்னத்தைக் காட்டாமல், நேராகப் பார்த்தார்.

அப்போது சாப்பாட்டுக் கூடத்துக் கதவைத் திறந்துகொண்டு ஸ்ரீகாந்த் ஓடிவந்தார். சட்டையெல்லாம் சாம்பார். கையில் கரண்டி. பேச முடியவில்லை, கரண்டியைக் கொடியைப்போல் ஆட்டினார். பிரபாவதி ஆள்காட்டி விரலை உயர்த்தினாள். ஊர் ஊராக, மண்டபம் மண்டபமாக நம் ஜனங்கள் ஆட்டுகிற அதே ஆட்டலாக ஆட்டி, தொண்டை கிழியக் கூவினாள்.

"கெட்டிமேளம்! கெட்டிமேளம்!"

கொட்டினார். கண்ணை இறுக மூடி, நரம்பு புடைக்க, ஒரு கன்னம் தவிலாக, மறு கன்னம் ஜால்ராவாக, மூக்கிலும் உதட்டிலும் நாலு நாதஸ்வரம் ஒருசேர, உலகத்தில் அபசகுனம் என்று ஒன்று இருந்தால் அதன் காது செவிடாகும்படி கொட்டினார். 'கட்' வரவில்லை. இடைவேளை வரவில்லை. மழை வந்தாலும் நிற்கப்போவதில்லை. கடைசி அடி வரை கொட்டி, நிறுத்தி, கண்ணைத் திறந்தார்.

ஹாலில் நாற்காலிகள் மட்டும் இருந்தன. சில குப்புற, சில மல்லாக்க. முந்நூறு பேரும் அடுத்த கூடத்தில் இலைக்கு முன்னால். நின்றது இரண்டே பேர். கீழே பிரபாவதி, கை தட்டிக்கொண்டு. மேடையில் கார்மேகம், மேஜை விரிப்போடு, கண்ணைத் துடைத்துக்கொண்டு. அவன் சட்டைப்பையில் தேடி ஒன்றும் கிடைக்காமல், மேடை அலங்காரத்திலிருந்து ஒரு பிடி பூவைப் பிய்த்து அனந்தகிருஷ்ணன் தலையில் போட்டான். "போதும் சார். இது போதும்," என்றான். அடுத்த நொடி, "ஐயோ, பாயாசம்!" என்று விரிப்பைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினான்.

அனந்தகிருஷ்ணன் படியிறங்கி வந்தார். வேர்த்து வழிந்த முகத்தில் அப்படி ஓர் அமைதி.

"பார்த்தியா பிரபா? கெட்டிமேளம்னதும் மொத்த ஹாலும் எழுந்து நின்னுச்சு."

பிரபாவதி பொய் சொல்லாதவள். சித்திரை முதல் ஞாயிறும் அதுவுமாகச் சொல்லவே மாட்டாள். யோசித்துப் பார்த்தாள்.

"ஆமாங்க," என்றாள். "ஒருத்தர்கூட உட்காரல."

அவர் கையைப் பிடித்துச் சாப்பாட்டுக் கூடத்துக்கு அழைத்துப் போனாள். அவரைக் கண்டதும் முந்நூறு வாயும் சோற்றோடு ஆரவாரம் செய்தன. எப்பேர்ப்பட்ட சாம்பார், எப்பேர்ப்பட்ட வாழைக்காய் வறுவல், அதோடு மேளமும் வாசிக்கிறாரே இந்த மனுஷன்!

"சார், இன்னொரு தடவை!" என்று இலையைக் காட்டிக் கூவினார்கள். "அன்லிமிட்டட்னு சொன்னீங்கல்ல!"

அவர் இரண்டு கைகளையும் கூப்பினார். கன்னத்தை உப்பிக்கொண்டு, மாப்பிள்ளை அழைப்பிலிருந்து ஆரம்பித்தார்.

அடங்கிவிடுவார் என்று பிரபாவதி நினைத்தாளே, அடங்கினாரா என்று கேட்காதீர்கள். இந்த இனம் அடங்கியதாகச் சரித்திரம் இல்லை. இப்போது மூன்று நிகழ்ச்சிகள் நாலாகிவிட்டன, அவ்வளவுதான் வித்தியாசம்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் பள்ளிக்கூட ஆண்டு விழாவில் மரமாக நின்றதோ, ரேடியோவில் உங்கள் பெயரைத் தப்பாகப் படித்ததோ, ஏதோ ஒரு படப்பிடிப்பில் கூட்டத்தோடு கூட்டமாக உங்கள் முதுகு தெரிந்ததோ, இதைப் படிக்கும்போதே உள்ளே எழுந்து நாக்கு நுனிக்கு வந்திருக்குமே? பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்று கண் தேடுகிறதே? தேடட்டும். சொல்லத்தான் போகிறீர்கள், ஆண்டவனே வந்தாலும் தடுக்க முடியாது. ஒரே ஒரு வேண்டுகோள். ஆரம்பிக்கும் முன்னால், பக்கத்தில் இருப்பவர் சாப்பிட்டுவிட்டாரா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.